எந்தச் சாவியை கிட்ஹப்புக்கு கொடுக்கணும்? – வாசகர் கேள்வி பதில்

போன இதழ்ல கிட் (கோடுல பண்ற மாற்றங்களைப் பதிஞ்சு வைக்கிற ப்ரோக்ராம்), அந்தக் கோடை நெட்ல வைக்கிற கிட்ஹப் பத்தி எழுதினப்போ கடைசியில "பாஸ்வேர்டை விடுங்க, எஸ்எஸ்ஹெச் கீ வச்சுக்கோங்க"ன்னு ஒரே ஒரு வரி போட்டு முடிச்சேன். எஸ்எஸ்ஹெச்ங்கறது இன்னொரு மெஷினோட ரகசியமா பேசற முறை, அதுல பாஸ்வேர்டுக்குப் பதிலா நீங்க யாருன்னு காட்டறதுதான் கீ. மொத்த கட்டுரைக்கும் வராத கேள்வி அந்த ஒரு வரிக்கு வந்து குவிஞ்சிருக்கு. சரி, இந்த இதழ் முழுக்க அதையே பேசிடுவோம். ஒண்ணு மட்டும் முன்னாடியே சொல்லிடறேன், கமாண்டை எல்லாம் இங்க தமிழ் எழுத்துல எழுதியிருக்கேன், டெர்மினல்ல இங்கிலீஷ்ல அடிங்க. தமிழ்ல அடிச்சுப் பார்த்தேன் வேலை செய்யலன்னு எனக்கு இன்னொரு லெட்டர் வேணாம்.

கேள்வி: சார், கிட் புஷ் கொடுத்தா யூசர்நேம், பாஸ்வேர்ட் கேக்குது. சரியாத்தான் அடிக்கிறேன், ஆனா உள்ள விட மாட்டேங்குது. அதே பாஸ்வேர்டை பிரவுசர்ல போட்டா லாகின் ஆகுது. என் கணக்கை யாராவது ஹேக் பண்ணிட்டாங்களா?

பதில்: யாரும் ஒண்ணும் பண்ணல, பதறாதீங்க. 2021 ஆகஸ்ட் 13லேர்ந்து கிட் வேலைகளுக்கு கணக்கு பாஸ்வேர்டை வாங்கறதையே கிட்ஹப் நிறுத்திடுச்சு. வெப்சைட்ல லாகின் பண்ண அது செல்லும், புஷ் புல் க்ளோனுக்கு (கோடை ஏத்தறது, இறக்கறது, முழுசா காப்பி எடுக்கறது) செல்லாது. நீங்க பார்த்துப் பழகின வீடியோ அதுக்கு முன்னாடி எடுத்ததா இருக்கும். எரர்லயே இதை எழுதித்தான் காட்டுது, ஆனா எரர்னு பார்த்த உடனே நாம யாரும் மிச்சத்தைப் படிக்கிறதில்ல, நானும் அப்படித்தான்.

இனி ரெண்டு வழி. ஒண்ணு, எச்டிடிபிஎஸ் முகவரியையே வச்சுக்கிட்டு பாஸ்வேர்ட் கேக்குற இடத்துல டோக்கன், அதாவது கிட்ஹப்ல உருவாக்கற ஒரு நீள எழுத்துச் சரம் கொடுக்கறது. இன்னொண்ணு எஸ்எஸ்ஹெச் கீ. டோக்கன் மட்டம்னு நான் சொல்ல மாட்டேன், இந்த ரெப்போவுக்கு (ஒரு ப்ராஜெக்ட்டோட கோடு இருக்கற இடம்) மட்டும், இத்தனை நாளைக்கு மட்டும்னு டோக்கனுக்கு எல்லை போடலாம், ஆனா உங்க கணக்குல சேர்த்த எஸ்எஸ்ஹெச் கீ உங்க கைக்கு எட்டுற எல்லா ரெப்போவையும் திறக்கும். அப்பறம் ஏன் கீயைச் சொல்றேன்னா, டோக்கனும் பாஸ்வேர்ட் மாதிரியேதான், ஒவ்வொரு தடவையும் அதையே எடுத்து எதிராளி கையில கொடுக்கணும், அதனாலதான் அது எங்கேயாவது ஒரு ஸ்கிரிப்ட்லயோ லாக் ஃபைல்லயோ போய் உக்காந்துக்குது. கீல நீங்க கொடுக்கறதுன்னு ஒண்ணுமே கிடையாது. எப்படின்னு அடுத்த பதில்ல வரும்.

கீ போட்டதுக்கு அப்பறமும் பாஸ்வேர்ட் கேக்குதுன்னு எழுதின மத்த அஞ்சாறு பேருக்கும் சேர்த்து சொல்லிடறேன். உங்க ரெப்போ இன்னும் எச்டிடிபிஎஸ் முகவரியைத்தான் பிடிச்சுட்டு இருக்கு. "கிட் ரிமோட் -வி" அடிச்சுப் பாருங்க, முகவரி எச்டிடிபிஎஸ்னு ஆரம்பிச்சா கீயை யாரும் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டாங்க. "கிட் ரிமோட் செட்-யூஆர்எல் ஆரிஜின்" போட்டு, பக்கத்துல கிட்@கிட்ஹப்.காம்னு ஆரம்பிக்கிற முகவரியைக் கொடுங்க, முடிஞ்சுது.

கேள்வி: அண்ணா, நான் காலேஜ் ரெண்டாவது வருஷம். கீ உருவாக்கற கீஜென் கமாண்ட் அடிச்சேன், ரெண்டு ஃபைல் வந்துச்சு. எதை கிட்ஹப்ல போடணும்னு தெரியாம ரெண்டையும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து க்ளாஸ் வாட்ஸப் குரூப்ல போட்டு கேட்டேன். ஒருத்தன் "டேய் அழிடா"ன்னான், உடனே அழிச்சுட்டேன். இப்ப ஒண்ணும் பிரச்சனை இல்லல்ல?

பதில்: பிரச்சனை இருக்கு தம்பி. அந்த ஜோடி செத்துப்போச்சுன்னு வச்சுக்கோ. குரூப்ல அழிச்ச படம் எத்தனை போன்ல தானா டவுன்லோட் ஆகி கிடக்குன்னு உனக்குத் தெரியாது, படத்துலேர்ந்து எழுத்தைப் பிரிச்சு எடுக்கிறது இப்ப ஒரு வேலையே இல்ல. கிட்ஹப்ல ஏத்தியிருந்தா செட்டிங்ஸ் போய் எடுத்துடு, புதுசா ஒரு ஜோடி பண்ணு, ரெண்டு நிமிஷ வேலை. திட்டலாம்னு நினைச்சேன், ஆனா நீ கேட்ட கேள்விதான் இந்த மொத்த சமாச்சாரத்துக்கும் அடி வேர், அதனால திட்டல.

ரெண்டு ஃபைல்ல ஒண்ணு பேர் "ஐடி_ஈடி25519", இன்னொண்ணு அதே பேரோட கடைசியில ".பப்"னு ஒட்டிக்கிட்டு இருக்கும். பப் இருக்கறது பப்ளிக் கீ, அதைத்தான் கிட்ஹப்ல போடணும். திறந்து பார்த்தா ஒரே வரி, "எஸ்எஸ்ஹெச்-ஈடி25519"னு ஆரம்பிக்கும். இன்னொண்ணு பல வரியா இருக்கும், மேல "பிகின் ஓப்பன்எஸ்எஸ்ஹெச் பிரைவேட் கீ"ன்னே எழுதியிருக்கும். அந்த பிரைவேட் கீ எந்த மெஷின்ல பிறந்துச்சோ அங்கேயே இருந்துட்டு அங்கேயே சாகணும். மெயில்ல போகக்கூடாது, பென்டிரைவ்ல போகக்கூடாது, சீனியர் கேட்டாலும் போகக்கூடாது, கிட்ஹப்பே கேட்டாலும் கொடுக்கக்கூடாது, கிட்ஹப் கேக்கவும் கேக்காது.

எல்லாரும் இதுக்கு பூட்டு சாவி உதாரணம் சொல்வாங்க. எனக்கு அதுல திருப்தி இல்ல, கைநாட்டுன்னு நினைச்சுப் பாரு. கட்டைவிரல் உன் கையோட இருக்கு, அது வச்ச ரேகை மட்டும் ரெஜிஸ்டர்ல இருக்கு. நாளைக்கு நீ வந்து நான்தான்னு சொன்னா விரலை வெட்டிக் கொடுக்க வேண்டாம், புதுசா ஒரு தாள்ல ரேகை வச்சா போதும், ரெஜிஸ்டர்ல இருக்கறதோட வச்சுப் பார்த்து உள்ள விட்டுடுவாங்க. பிரைவேட் கீ விரல், பப்ளிக் கீ ரெஜிஸ்டர்ல இருக்கற ரேகை. இந்த உதாரணமும் ஒரு இடத்துல நொண்டும், பழைய ரேகையைப் பார்த்து போலி ரேகை செய்ய முடியும், பப்ளிக் கீயைப் பார்த்து பிரைவேட் கீயைச் செய்ய முடியாது, அப்படி ஒரு கணக்கு மேல கட்டினது அது.

உள்ள என்ன நடக்குதுன்னா, உன் மெஷினும் சர்வரும் முதல்ல ரகசியமா பேச ஒரு பாதை போட்டுக்கும், அந்தப் பாதைக்குன்னு ஒரு அடையாள எண் பிறக்கும், ஒவ்வொரு தடவையும் அது வேற வேற. அப்பறம் உன் மெஷின் "என்கிட்ட இந்த பப்ளிக் கீக்கு ஜோடியான பிரைவேட் கீ இருக்கு"ன்னு சொல்லி, அந்த அடையாள எண்ணையும் சேர்த்து வச்சு பிரைவேட் கீயால ஒரு கையெழுத்து போட்டு அனுப்பும், சர்வர் தன்கிட்ட இருக்கற பப்ளிக் கீயை வச்சு அந்தக் கையெழுத்தைச் சரிபார்க்கும். அவ்வளவுதான். இன்னிக்கு போட்ட கையெழுத்தை நடுவுல ஒருத்தன் பிடிச்சு வச்சுக்கிட்டாலும் நாளைக்கு செல்லாது, ஏன்னா நாளைக்கு எண் வேற. பாஸ்வேர்டுக்கு இந்த குணம் கிடையாது, ஒரு தடவை பார்த்தவன் நீயா ஆயிடலாம். எஸ்எஸ்ஹெச் பிறந்த கதையே அதுதான், 1995ல பின்லாந்துல ஹெல்சின்கி தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தோட நெட்வொர்க்ல எவனோ ஒருத்தன் ஒட்டுக்கேட்டு பாஸ்வேர்டா அள்ளிட்டான், அதைப் பார்த்துட்டு அங்க இருந்த டாட்டு யூலோனென் உக்காந்து எழுதினதுதான் முதல் எஸ்எஸ்ஹெச். வேற மெஷின்ல லாகின் பண்ண அப்ப வழக்கத்துல இருந்த டெல்நெட்ல பாஸ்வேர்ட் அப்படியே பச்சையா கம்பியில ஓடிட்டு இருந்துச்சு.

கேள்வி: ஆர்எஸ்ஏவா, ஈடி25519ஆ?

பதில்: ரெண்டும் கீ பண்ற வெவ்வேற முறை, நீங்க எடுக்க வேண்டியது ஈடி25519. பப்ளிக் கீ ஒரு வரிக்குள்ள அடங்கிடும், வேகமும் ஜாஸ்தி, நம்மில் பெரும்பாலானவங்க பயன்படுத்தற எஸ்எஸ்ஹெச் ப்ரோக்ராமான ஓப்பன்எஸ்எஸ்ஹெச்ல 2014லேர்ந்து இருக்கு, 2023ல வந்த 9.5லேர்ந்து நீங்க எதுவும் சொல்லலன்னாலும் கீஜென் இதைத்தான் பண்ணும். அந்தக் காலத்து சர்வர் ஏதாவது இதைத் தெரியாதுன்னு சொன்னா மட்டும் ஆர்எஸ்ஏ, 4096 பிட். ஏற்கனவே நல்ல ஆர்எஸ்ஏ கீ வச்சிருக்கறவங்க பயந்துபோய் தூக்கிப் போட வேண்டாம், 2021ல "எஸ்எஸ்ஹெச்-ஆர்எஸ்ஏவை நிறுத்திட்டாங்க"ன்னு ஒரு பேச்சு ஓடுச்சே, அதுல நிறுத்தினது ஷா-1 வச்சு கையெழுத்து போடற பழைய முறையை, ஆர்எஸ்ஏ கீயை இல்ல. ரொம்பப் பழைய எஸ்எஸ்ஹெச் ப்ரோக்ராம் வச்சிருந்தாத்தான் இடிக்கும். டிஎஸ்ஏன்னு இன்னொரு பழைய வகைக் கீ வச்சிருந்தா மட்டும் மறந்துடுங்க, அதை கிட்ஹப் 2022லயே கழட்டி விட்டுடுச்சு.

கேள்வி: கீ உருவாக்கும்போது பாஸ்ஃபிரேஸ்னு ஒண்ணு கேக்குது. எல்லா வீடியோவுலயும் எண்டர் தட்டிட்டுப் போறாங்க, நானும் தட்டிட்டேன். பாஸ்வேர்ட் வேண்டாம்னுதானே கீக்கு வந்தோம், அதுக்கு இன்னொரு பாஸ்வேர்டா?

பதில்: நியாயமான கேள்வி, ஆனா ரெண்டும் வேற. பாஸ்ஃபிரேஸ் நெட்ல எங்கயும் போகாது, கிட்ஹப்புக்கு அப்படி ஒண்ணு இருக்கறதே தெரியாது. உங்க டிஸ்க்ல கிடக்கற பிரைவேட் கீ ஃபைலை அது பூட்டி வைக்குது, அவ்வளவுதான் அதோட வேலை. எண்டர் தட்டிட்டா அந்த ஃபைல் வெறும் ஃபைல், யார் காப்பி பண்ணாலும் அந்த நிமிஷத்துலேர்ந்து அவங்க நீங்க. பேக்கப்னு மொத்த ஹோம் ஃபோல்டரையும் க்ளவுட்ல ஏத்தி வச்சிருக்கறவங்க, சர்வீஸுக்கு லேப்டாப்பை அப்படியே தூக்கிக் கொடுக்கறவங்க, எங்கேயோ பார்த்த பேக்கேஜை இன்ஸ்டால் பண்ணி அது பின்னாடி ஹோம் ஃபோல்டரைத் துழாவறது தெரியாம இருக்கறவங்க, இவங்க எல்லாருக்கும்தான் பாஸ்ஃபிரேஸ். அதாவது நம்ம எல்லாருக்கும்.

ஒவ்வொரு புஷ்ஷுக்கும் அடிக்கணுமேன்னு அலுத்துக்காதீங்க, அதுக்குத்தான் எஸ்எஸ்ஹெச்-ஏஜென்ட். "எஸ்எஸ்ஹெச்-ஆட்" கொடுத்து ஒரு தடவை பாஸ்ஃபிரேஸ் அடிச்சா, திறந்த கீயை ஏஜென்ட் மெமரில வச்சுக்கும், அதுக்கப்பறம் கையெழுத்து போடற வேலையை அது பார்த்துக்கும். மேக்ல கீசெயின்லயே சேமிச்சு வைக்கலாம், லினக்ஸ் டெஸ்க்டாப்ல பாதி இடத்துல லாகின்லயே இது நடந்துடுது, விண்டோஸ் 10, 11லயும் ஓப்பன்எஸ்எஸ்ஹெச் கூடவே வருது, ஆனா ஏஜென்ட் சர்வீஸ் நிறுத்தி வச்ச நிலையில இருக்கும், சர்வீசஸ் போய் நீங்கதான் கிளப்பி விடணும். சரி எண்டர் தட்டியாச்சே இப்ப என்ன பண்றதுன்னா, புதுக் கீ வேண்டாம், "எஸ்எஸ்ஹெச்-கீஜென் -பி" அடிச்சு இருக்கற கீக்கே பாஸ்ஃபிரேஸ் போடலாம், மாத்தலாம். பப்ளிக் கீ மாறாது, அதனால கிட்ஹப் பக்கம் போகவே வேண்டாம். நிறைய பேருக்கு இது தெரியாது, மறுபடி முதல்லேர்ந்து ஆரம்பிப்பாங்க.

பாஸ்ஃபிரேஸை மறந்தா? "ஃபர்காட் பாஸ்வேர்ட்" லிங்க் கிடையாதுங்க. புது ஜோடி பண்ணிட்டு பழசை கணக்குலேர்ந்து எடுத்துடுங்க. கீ தொலைஞ்சா கோடு தொலையறதில்ல, கதவு திறக்கற ஒரு வழி மட்டும்தான் போச்சு, அதுக்கு ஏன் பயம்.

இன்னும் ஒரு படி மேல போகணும்னா யூஎஸ்பில சொருகற செக்யூரிட்டி கீ இருக்கு, 2020ல வந்த ஓப்பன்எஸ்எஸ்ஹெச் 8.2லேர்ந்து "ஈடி25519-எஸ்கே"ன்னு ஒரு வகை, கையெழுத்து போடணும்னா அந்த வன்பொருளை நீங்க விரலால தொடணும். ஃபைலை மட்டும் திருடினவனுக்கு அதால பிரயோஜனமே இல்ல. நான் வேலைக்கணக்குக்கு அதைத்தான் வச்சிருக்கேன், நாள் முழுக்க தொட்டுத் தொட்டு கொஞ்சம் எரிச்சலாத்தான் இருக்கு.

கேள்வி: சார் ஆபீஸ்ல ஒரு கணக்கு, எனக்குன்னு ஒரு கணக்கு, ஒரே லேப்டாப். ஆபீஸ் கணக்குல போட்ட கீயை என் சொந்தக் கணக்குல போட்டா "கீ ஈஸ் ஆல்ரெடி இன் யூஸ்"ங்குது. ரெண்டாவது கீ பண்ணிப் போட்டேன், இப்ப என் சொந்த ரெப்போவுக்கு புஷ் பண்ணா ஆபீஸ் பேரைச் சொல்லி அனுமதி இல்லைங்குது. தலை சுத்துது.

பதில்: சுத்தாது பாருங்க. கிட்@கிட்ஹப்.காம்னு அடிக்கிறீங்களே, அந்த "கிட்"ங்கற யூசர் யாரு? நீங்க இல்ல. உலகத்துல கிட்ஹப்புக்கு எஸ்எஸ்ஹெச்ல வர்ற அத்தனை பேருக்கும் அதே பேர்தான். அப்ப நீங்க யாருன்னு எப்படிக் கண்டுபிடிக்குது? கீயை வச்சுத்தான், வேற வழியே இல்ல. அதனாலதான் ஒரு கீ ரெண்டு கணக்குல இருக்க முடியாது, ஒரே ரேகைக்கு ரெண்டு பேர் வந்து நின்னா ரெஜிஸ்டர்காரன் என்ன பண்ணுவான். இதைப் புரிஞ்சுக்கிட்டா ரெண்டாவது சிக்கலும் தானா அவிழ்ந்துடும். உங்க மெஷின் கிட்ட ரெண்டு கீ இருக்கு, முதல்ல கையில கிடைச்ச ஆபீஸ் கீயை நீட்டுது, கிட்ஹப் "ஓ இவரா, வாங்க"ன்னு அந்தக் கணக்கா உள்ள விட்டுடுது, உள்ள போனதுக்கு அப்பறம் பார்த்தா அந்தக் கணக்குக்கு உங்க சொந்த ரெப்போல உரிமை இல்ல. கீ தப்புன்னு சொல்லி இருந்தா அடுத்த கீயை முயற்சி பண்ணியிருக்கும், ஆனா கீ சரியாத்தானே இருக்கு.

ஹோம் ஃபோல்டர்ல ".எஸ்எஸ்ஹெச்"னு இருக்கே, அதுக்குள்ள "கான்ஃபிக்"னு ஒரு ஃபைல் வைங்க. அதுல ஹோஸ்ட்னு போட்டு நீங்களே ஒரு பட்டப்பேர் கொடுங்க, கிட்ஹப்-ஆபீஸ்னு வச்சுப்போம், அதுக்குக் கீழ ஹோஸ்ட்நேம் கிட்ஹப்.காம், யூசர் கிட், ஐடென்டிட்டிஃபைல் ஆபீஸ் கீயோட பாதை, கடைசியா ஐடென்டிட்டீஸ்ஒன்லி யெஸ். இதே மாதிரி கிட்ஹப்-சொந்தம்னு இன்னொரு கட்டு. அப்பறம் ஒவ்வொரு ரெப்போவோட ரிமோட் முகவரியிலயும் கிட்ஹப்.காம் இருக்கற இடத்துல அந்தப் பட்டப்பேரைப் போட்டுடுங்க. ஐடென்டிட்டீஸ்ஒன்லி வரியை விட்டுடாதீங்க, நெட்ல கிடைக்கிற பாதி பதில்கள்ல அது இல்ல, அது இல்லன்னா ஏஜென்ட் தன்கிட்ட இருக்கற மத்த கீயையும் முன்னாடி கொண்டுபோய் நீட்டும், பழைய குருடி கதவைத் திறடிதான். அஞ்சாறு கீக்கு மேல வச்சிருக்கறவங்களுக்கு "டூ மெனி ஆதென்டிகேஷன் ஃபெயிலியர்ஸ்"னு வர்றதும் இதனாலதான், ஓப்பன்எஸ்எஸ்ஹெச் சர்வர் சும்மா விட்டா ஆறு முயற்சிக்கு மேல பொறுக்காது.

இன்னொண்ணு, கீ மாறினா கமிட்ல (கோடுல பண்ண மாற்றத்தோட பதிவு) பேர் மாறாது. கமிட்ல வர்ற பேரும் மெயிலும் கிட் கான்ஃபிக்ல இருக்கற யூசர்.நேம், யூசர்.ஈமெயில், அதுக்கும் எஸ்எஸ்ஹெச்சுக்கும் ஒட்டும் இல்ல உறவும் இல்ல. ஆபீஸ் ரெப்போல உங்க செல்ல ஐடி மெயிலோட கமிட் விழுந்தா அது இந்த ஃபைலோட குத்தம் இல்ல. எதிர்ப்பக்கம் பார்த்தா இது பயமாவும் இருக்கும், யார் பேரை வேணா போட்டு கமிட் பண்ணலாம். அதைத் தடுக்கணும்னா கமிட்டுக்கே கையெழுத்து போடணும், 2021ல வந்த கிட் 2.34லேர்ந்து அதுக்கும் எஸ்எஸ்ஹெச் கீயையே பயன்படுத்தலாம், ஆனா கிட்ஹப்ல அதை சைனிங் கீன்னு தனியா ஒரு தடவை சேர்க்கணும்.

கேள்வி: "பெர்மிஷன் டினைடு, பப்ளிக்கீ". மூணு நாளா இதே வரி. கீயை அழிச்சு அழிச்சு பண்ணிட்டேன்.

பதில்: அழிக்கறதை முதல்ல நிறுத்துங்க. ரெப்போவை எல்லாம் மறந்துட்டு "எஸ்எஸ்ஹெச் -டி கிட்@கிட்ஹப்.காம்" மட்டும் அடிங்க, இதுல டி கேப்பிடல். உங்க பேரைச் சொல்லி ஹாய்னு வந்துட்டா கீ நல்லா இருக்கு, கோளாறு ரெப்போ முகவரியிலயோ உரிமையிலயோ. "ஷெல் ஆக்சஸ் தர்றதில்ல"ன்னு கூடவே வரும், அது எரர் இல்ல, அதைப் பார்த்து ஏமாந்தவங்க நிறைய. ஹாய் வரலன்னா அதே கமாண்டுல சின்ன வி சேர்த்து அடிங்க, பக்கம் பக்கமா கொட்டும், "ஆஃபரிங் பப்ளிக் கீ"ங்கற வரியை மட்டும் தேடுங்க. அந்த வரியே இல்லன்னா உங்க மெஷின் கீயை நீட்டவே இல்ல, பேரை மாத்தி சேமிச்சிருப்பீங்க, கான்ஃபிக்ல அந்தப் பாதையைச் சொல்லலன்னா அதுக்கு எப்படித் தெரியும். வரி இருந்தும் ஏத்துக்கலன்னா கிட்ஹப்ல நீங்க போட்டது வேற கீ, பக்கத்துல வர்ற ஃபிங்கர்பிரின்டையும் (கீயோட சுருக்கமான அடையாளம்) செட்டிங்ஸ்ல தெரியறதையும் ஒப்பிட்டுப் பாருங்க. மூணு நாளா அழிச்சு அழிச்சு பண்ணதுல மேல இருக்கறது திங்கட்கிழமை கீயாவும் உங்ககிட்ட இருக்கறது புதன்கிழமை கீயாவும் இருக்கும்னு என் ஊகம்.

இன்னும் ரெண்டு பழைய பாவம் இருக்கு. ஒண்ணு, பிரைவேட் கீ ஃபைலை மத்த யூசரும் படிக்கற மாதிரி இருந்தா எஸ்எஸ்ஹெச் அதைத் தொடாது, பெருசா கட்டம் கட்டி எச்சரிக்கை காட்டிட்டு ஒதுக்கிடும், "சிஹெச்மாட் 600" போட்டா சரியாகும். ரெண்டாவது, எதுக்கெடுத்தாலும் சுடோ போடற பழக்கம், அதாவது ரூட்டா (மெஷினோட முழு அதிகாரம் உள்ள யூசரா) கமாண்டை ஓட்டறது. சுடோ போட்டு கிட் க்ளோன் பண்ணா அது ரூட்டோட ஹோம்ல கீயைத் தேடும், உங்களோடதுல இல்ல. நான் முதல் வேலையில இருந்தப்போ இதுல ஒரு முழு நாளைத் தொலைச்சிருக்கேன், சாயங்காலம் பக்கத்து சீட் அக்கா வந்து ஸ்கிரீனைப் பார்த்து "சுடோ எதுக்குப்பா"ன்னு ஒரே ஒரு வார்த்தை கேட்டுட்டுப் போனாங்க.

கேள்வி: திடீர்னு "ரிமோட் ஹோஸ்ட் ஐடென்டிஃபிகேஷன் ஹேஸ் சேஞ்ச்டு"ன்னு கட்டம் கட்டி மிரட்டுது. நோன் ஹோஸ்ட்ஸ் ஃபைலை அழிச்சா சரியாயிடும்னு நண்பர் சொல்றார். அழிக்கலாமா?

பதில்: அவசரப்படாதீங்க. இவ்வளவு நேரம் நீங்க யாருன்னு நிரூபிக்கறதைப் பத்திப் பேசினோம், இது எதிர்ப்பக்கம் கிட்ஹப்தானா இல்ல நடுவுல புகுந்த வேற எவனாவதாங்கற கதை. முதல் தடவை இணைக்கறப்போ ஒரு ஃபிங்கர்பிரின்டைக் காட்டி "நம்பலாமா, யெஸ்ஸா நோவா"ன்னு கேட்டுச்சே, நாம யெஸ் அடிச்சுட்டுப் போனோமே, அன்னிக்கு சர்வரோட பப்ளிக் கீயை நோன் ஹோஸ்ட்ஸ்ல குறிச்சு வச்சுக்கிச்சு. இப்ப வந்து நிக்கறவன் அதே பேரைச் சொல்றான், ஆனா கீ வேற. ரெண்டுல ஒண்ணு, சர்வர்காரங்களே கீயை மாத்தியிருக்கணும், இல்லன்னா நடுவுல ஒருத்தன் இருக்கான்.

முதல்வகை நிஜமாவே நடந்துச்சு. 2023 மார்ச் 24 அன்னிக்கு கிட்ஹப் தன்னோட ஆர்எஸ்ஏ ஹோஸ்ட் கீயை மாத்திச்சு. ஏன்னா அதோட பிரைவேட் கீ ஒரு பப்ளிக் ரெப்போல கொஞ்ச நேரம் வெளிய தெரிஞ்சுடுச்சு. ஆமாங்க, ரெப்போல பிரைவேட் கீயைப் போடாதீங்கன்னு நமக்குச் சொல்ற கிட்ஹப்புக்கே. மேல அந்தக் காலேஜ் தம்பியை நான் திட்டாம விட்டதுக்கு இதுவும் ஒரு காரணம். அன்னிக்கு உலகம் முழுக்க இந்தக் கட்டம் வந்துச்சு, ஈடி25519 மாதிரி வேற வகை ஹோஸ்ட் கீயைக் குறிச்சு வச்சிருந்தவங்களுக்கு ஒண்ணும் ஆகல.

அதனால முறை என்னன்னா, பிரவுசர்ல கிட்ஹப்போட உதவிப் பக்கத்துக்குப் போங்க, அங்க அவங்க ஃபிங்கர்பிரின்டை வெளியிட்டு வச்சிருக்காங்க, திரையில வர்றதோட எழுத்து எழுத்தா ஒப்பிடுங்க. ஒத்துப்போச்சுன்னா "எஸ்எஸ்ஹெச்-கீஜென் -ஆர் கிட்ஹப்.காம்", கேப்பிடல் ஆர், அந்த ஒரு பதிவை மட்டும் எடுக்கும், மொத்த ஃபைலையும் அழிச்சா மத்த சர்வர்களுக்கும் குருட்டு யெஸ் அடிக்க வேண்டி வரும். ஒத்துப்போகலன்னா அந்த நெட்டை விட்டு வெளிய வந்துட்டு வேற நெட்ல பாருங்க. ஸ்கிரிப்ட்ல இந்தக் கேள்வி தொல்லையா இருக்குன்னு "ஸ்ட்ரிக்ட்ஹோஸ்ட்கீசெக்கிங் நோ"ன்னு போட்டு வைக்கறவங்களுக்கு ஒரு வார்த்தை, வாசல்ல நிக்கறது யாருன்னு பார்க்காமலே திறக்கறதுக்கு கதவு எதுக்கு.

கேள்வி: எங்க ஆபீஸ் நெட்ல எஸ்எஸ்ஹெச் அப்படியே தொங்குது, டைம் அவுட் ஆகுது. வீட்ல வேலை செய்யுது.

பதில்: எஸ்எஸ்ஹெச் வழக்கமா போற 22ஆம் போர்ட்டை (நெட்வொர்க் வாசல் எண்) மூடி வச்சிருக்காங்க. கிட்ஹப் 443லயும் எஸ்எஸ்ஹெச் வாங்கும், முகவரி மட்டும் எஸ்எஸ்ஹெச்.கிட்ஹப்.காம். கான்ஃபிக்ல ஹோஸ்ட்நேமுக்கு அதையும் போர்ட்டுக்கு 443ஐயும் போடுங்க. ஆனா தெரியாம மூடினாங்களா தெரிஞ்சே மூடினாங்களான்னு நெட்வொர்க் ஆளை ஒரு வார்த்தை கேட்டுட்டு செய்யுங்க, வேலை முக்கியம்.

கேள்வி: டிப்ளாய் பண்ற, அதாவது கோடை ஓட்டற சர்வர்ல ரெப்போவை புல் பண்ணணும். என் லேப்டாப் கீயை அங்க காப்பி பண்ணிட்டேன், நல்லா ஓடுது. தப்பா?

பதில்: ஓடும், அதான் பிரச்சனையே. அந்த சர்வர்ல நுழையற ஒவ்வொருத்தரும் இப்ப நீங்கதான், உங்க எல்லா ரெப்போவுக்கும் எழுத்துரிமையோட. காப்பியை எடுத்துட்டு, சர்வர்லயே புதுசா ஒரு ஜோடி பண்ணி, அதோட பப்ளிக் கீயை உங்க கணக்குல இல்லாம அந்த ரெப்போவோட செட்டிங்ஸ்ல டிப்ளாய் கீயா சேருங்க. எழுத அனுமதின்னு ஒரு டிக் இருக்கும், தொடாதீங்க, புல் பண்றதுக்கு படிக்கற உரிமை போதும். ஒரு டிப்ளாய் கீ ஒரு ரெப்போவுக்குத்தான் செல்லும், நாலு ரெப்போன்னா நாலு கீயும் கான்ஃபிக்ல நாலு பட்டப்பேரும். சலிப்பாத்தான் இருக்கும், ஆனா அந்த சர்வர் நாளைக்குக் கைமாறிப்போச்சுன்னா இழப்பு அந்த நாலோட நிக்கும்.

இதுக்கு ஏஜென்ட் ஃபார்வர்டிங் (லேப்டாப்ல இருக்கற ஏஜென்டையே சர்வர்லேர்ந்து பயன்படுத்தறது) போதுமேன்னு ஒரு வாசகர் தனியா கேட்டிருக்கார். கீ காப்பி ஆகாதுங்கறது வரைக்கும் சரி. ஆனா நீங்க இணைப்புல இருக்கற நேரம் முழுக்க அந்த சர்வர்ல ரூட்டா இருக்கறவன் உங்க ஏஜென்ட் கிட்ட கையெழுத்து வாங்கிக்கலாம், உங்களுக்குத் தெரியக்கூட தெரியாது. உங்க சொந்த மெஷின்னா சரி, பத்து பேர் புழங்கற சர்வர்ல வேண்டாம்.

கேள்வி: கிட்ஹப்ல யார் பேருக்குப் பின்னாடியும் ".கீஸ்"னு போட்டா அவங்க பப்ளிக் கீ எல்லாம் தெரியுதே, இது ஓட்டையா?

பதில்: ஓட்டை இல்ல, தெரிஞ்சேதான் வச்சிருக்காங்க, பப்ளிக்னு பேர் வச்சதே அதுக்குத்தான். அதால ஒரு நல்லதும் நடந்துச்சு. டெபியன்ங்கற லினக்ஸ்ல 2006லேர்ந்து 2008 வரைக்கும், கீ பண்ண உதவற ஓப்பன்எஸ்எஸ்எல்ல ஒரு கோளாறு இருந்துச்சு, அந்த மெஷின்கள்ல பண்ண கீ எல்லாம் ஒரு வகைக்கு வெறும் 32,768க்குள்ள ஒண்ணாத்தான் இருக்கும், யார் வேணா மொத்தத்தையும் முன்கூட்டியே பண்ணி வச்சுக்கலாம். கோளாறைத் திருத்தியாச்சு, ஆனா அப்ப பண்ண கீ தானா மாறாதே. 2015ல ஒருத்தர் கிட்ஹப்ல இப்படி வெளிய தெரியற கீயை எல்லாம் சேகரிச்சுப் பார்த்தா, ஏழு வருஷம் கழிச்சும் அந்தச் சொத்தைக் கீயோடயே எத்தனையோ பேர் உலாத்திட்டு இருந்தாங்க. அவர் சொன்னதுக்கு அப்பறம் கிட்ஹப் அதை எல்லாம் ரத்து பண்ணிச்சு.

கேள்வி: லேப்டாப் தொலைஞ்சுபோச்சு சார். கீ அதுலதான் இருக்கு. பாஸ்ஃபிரேஸ் போடல.

பதில்: இதைப் படிச்சு முடிக்காதீங்க, போன்லயே கிட்ஹப் செட்டிங்ஸ் திறந்து அந்தக் கீயை டெலீட் பண்ணுங்க, மிச்சத்தை அப்பறம் படிக்கலாம்.

பண்ணியாச்சா? சரி. கடைசியா எப்ப பயன்படுத்தினதுன்னு ஒவ்வொரு கீக்குப் பக்கத்துலயும் காட்டியிருக்கும், தொலைச்ச நாளுக்கு அப்பறம் தேதி இருந்துச்சுன்னா ரெப்போக்கள்ல உங்களுக்குத் தெரியாத கமிட், புது பிராஞ்ச் ஏதாவது இருக்கான்னு பாருங்க, ஆபீஸ் ரெப்போ இருந்தா ஆபீஸ்ல இன்னிக்கே சொல்லுங்க. அதே கீயை கிட்லேப்லயோ வேற சர்வர்லயோ போட்டிருந்தா அங்கேயும் போய் எடுக்கணும், ஒரு இடத்துல எடுத்தா மத்த இடத்துல போகாது. லேப்டாப்ல பிரவுசர் லாகின் அப்படியே இருந்திருக்கும், செஷன் எல்லாத்தையும் வெளிய தள்ளுங்க, பாஸ்வேர்டையும் மாத்துங்க.

எந்தக் கீ எந்த மெஷினோடதுன்னே தெரியல, மூணுமே "மை கீ"ன்னு இருக்குன்னு கீழ ஒரு வரி எழுதியிருக்கீங்களே, அப்ப மூணையும் எடுத்துடுங்க. புது லேப்டாப் வந்ததும் புதுசா ஒண்ணு பண்ணி, பேரை மெஷின் பேரும் மாசமுமா வைங்க.